நீக்கிய பின்னும் மிச்சமிருப்பது

விளையாட்டை அன்இன்ஸ்டால் செய்தால் எல்லாம் போய்விடும் என்றுதான் பலரும் நம்புகிறார்கள். ‘தி சிம்ஸ் 4’ ஆடியவர்கள் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரைத் திறந்து பார்க்கட்டும்: சேமித்த ஆட்டங்களும் மோட்களும் (ஆடுபவர்கள் சேர்த்துக்கொள்ளும் மாற்றக் கோப்புகள்) அப்படியே இருக்கும். ‘ஸ்கைரிம்’ ஃபோல்டரில் கையால் போட்ட மோட் கோப்புகளையும், விளையாட்டை நிறுவி நீக்கும் ஸ்டீம் செயலி தொடாது. மறுபடி நிறுவும்போது அவையே குறுக்கே நின்று ஆட்டத்தைத் திறக்கவிடாமல் செய்வதுண்டு. அதற்காகச் சேமிப்பையும் சேர்த்து அழித்துவிடு என்பது சரியல்ல; பல மாத உழைப்பு அது, ஆடியவருக்கே சொந்தம். டோபி ஃபாக்ஸின் ‘அண்டர்டேல்’ (2015) இந்த மிச்சத்தைக் கதையாகவே ஆக்கியது. எல்லோரையும் கொன்று, கடைசியில் ஆன்மாவையும் விற்றவர், அடுத்த முறை ஒருவரையும் கொல்லாமல் ஆடினாலும் முடிவுக் காட்சியில் பழைய பாவம் தலைகாட்டும். ஆட்டத்தை நீக்கினாலும் அது தீராது. விண்டோஸின் ஆப்டேட்டா ஃபோல்டருக்குள் கிடக்கும் சிறு கோப்பைத் தேடி அழிக்க வேண்டும். ஸ்டீம் கிளவுடில் பிரதி இருந்தால் அழித்த கோப்பும் திரும்பிவிடும். ‘அண்டர்டேல்’ ஆட்டத்தில் அந்த ஒளிவுமறைவு கலை. மற்ற விளையாட்டுகளுக்கு அது எதற்கு? நீக்கும்போதே, சேமிப்பு வேண்டுமா, மோட்கள் வேண்டுமா, அவை எங்கே இருக்கின்றன என்று ஒரு பெட்டி காட்டினால் போதுமே.