“யூதரைப் பாருங்கோ” எண்டு சொல்லுற அண்ணைமாருக்கு

எங்கட கூட்டங்களில் ஒரு வசனம் தவறாமல் வரும். ஓர் அண்ணை எழும்புவார், மைக்கைத் தட்டிப் பார்ப்பார், “யூதரைப் பாருங்கோ” என்று தொடங்குவார். இரண்டாயிரம் வருசம் நாடில்லாமல் அலைஞ்ச சனம், படிச்சுது, ஒற்றுமையா நிண்டுது, இண்டைக்கு உலகமே அவையின்ர கையில. நாங்களும் அப்பிடி வரவேணும். கைதட்டல். பிறகு பிளேன்ரீ.

பேஸ்புக்கில் இன்னோர் அண்ணை இருக்கிறார். அவருக்கு யூதரைக் கண்ணில் காட்டக்கூடாது. வங்கி, பத்திரிகை, சினிமா எல்லாம் யூதன் கையில், உலகத்தில் நடக்கும் எல்லாவற்றுக்கும் பின்னால் அவன்தான் என்று நாளுக்கொரு பதிவு போடுவார். காசாவில் நடப்பதற்குக் கோபப்பட ஆயிரம் நியாயம் இருக்கிறது. அதற்கு இந்தக் கதை தேவையில்லை.

இரண்டு அண்ணைமாரும் ஒருவரை ஒருவர் எதிரியாகத்தான் நினைக்கிறார்கள். ஆனால் விற்பது ஒரே சாமான். யூதர் என்றால் ஒரே மூளை, ஒரே திட்டம், தோல்வியே தெரியாத கூட்டம். ஒருவருக்கு அது முன்மாதிரி, மற்றவருக்குச் சதி. இருவருமே ஒரு யூதத் தெருவில் யார் இருந்தார்கள், யார் போனார்கள், ஏன் போனார்கள் என்று பார்த்ததில்லை. நான் ஒரு தெருவைப் பற்றிக் கொஞ்சம் வாசித்திருக்கிறேன். அது இஸ்ரேலில் இல்லை, நியூயோர்க்கிலும் இல்லை. அமெரிக்காவின் நடுமேற்கில், மினசோட்டா மாநிலத்தில், பனிக்குள் கிடக்கிற மினியாபொலிஸ் நகரத்தில் இருக்கிறது.

அங்கு போன வழி ஒரு படம். கோயன் சகோதரர்களின் ‘எ சீரியஸ் மேன்’, 2009 இல் வந்தது. மினியாபொலிஸை ஒட்டிய சென்ட் லூயிஸ் பார்க் என்ற புறநகரில்தான் அவர்கள் வளர்ந்தார்கள். படமும் அப்படியொரு புறநகரில், 1967 இல் நடக்கிறது. பௌதிகவியல் பேராசிரியர் ஒருவரின் வாழ்க்கை சரிகிறது, அவர் ரபிமாரிடம் விளக்கம் கேட்டு அலைகிறார். புல்வெளி, ஒரே மாதிரி வீடுகள், ஹீப்ரு வகுப்பு. இந்தச் சனம் ஏன் இந்த வயல்வெளிக்கு நடுவில் வந்து குந்தியிருக்கு என்ற கேள்விதான் எனக்குப் படம் முடிந்தும் மிஞ்சியது.

மினியாபொலிஸும் சென்ட் போலும் இரட்டை நகரங்கள். நடுவில் மிசிசிப்பி ஆறு. சென்ட் போலில் மவுன்ட் சீயோன் யூத சபை 1856 இலேயே தொடங்கிவிட்டது. மினசோட்டா ஒரு மாநிலமானதே 1858 இல்தான். மற்றவர்களோடு சேர்ந்து ஊரைக் கட்டியவர்கள் என்பதால் அங்கு யூதருக்கு ஊர்ச் சங்கங்களிலும் வியாபாரத்திலும் ஓரளவு இடம் கிடைத்தது. மினியாபொலிஸில் பெரும்பான்மையானோர் பிந்தி வந்தவர்கள், ருமேனியாவில் இருந்தும் லித்துவேனியா, ரஷ்யப் பக்கங்களில் இருந்தும். அவர்கள் வரும்போது மாவு ஆலை, மரவாணிபம், வங்கி எல்லாம் நியூ இங்கிலாந்துப் பக்கம் இருந்து வந்த புரொட்டஸ்தாந்துக் குடும்பங்களின் கையில் போய்விட்டிருந்தன.

பத்திரிகையாளர் கெரி மக்வில்லியம்ஸ் 1946 இல் மினியாபொலிஸைப் பற்றி எழுதியபோது, அமெரிக்காவில் யூத வெறுப்பின் தலைநகரம் இதுதான் என்று சொன்னார். றோட்டரி, லயன்ஸ் போன்ற சங்கங்கள் யூதரைச் சேர்ப்பதில்லை. கார் வைத்திருப்போர் சங்கத்தில்கூட இடமில்லை, கார் பழுதாகி நடுறோட்டில் நின்றால் உதவிக்கு வருகிற சங்கம் அது! ஆற்றுக்கு அந்தப் பக்கம் இப்படி இல்லை.

அண்ணைமார் கொஞ்சம் இந்த இடத்தில் நில்லுங்கோ. ஆற்றின் இரண்டு கரையிலும் இருந்தது அதே யூதர். அதே வேதப் புத்தகம், அதே சபாத், படிப்பில் அதே ஆசை. ஒரு கரையில் வரவேற்பறை, மறு கரையில் அடைத்த கதவு. வித்தியாசம் யூதரின் குணத்தில் இருக்கவில்லை, ஊரில் இருந்தது. “ஒற்றுமையா நிண்டா வெல்லலாம்” என்ற உங்கட சூத்திரம் ஓர் ஆற்றைக்கூடக் கடக்கவில்லை.

ஒற்றுமையும் எங்கே இருந்தது? ருமேனியர் பெரும்பாலும் தெற்குப் பக்கம், லித்துவேனிய, ரஷ்ய யூதர் வடக்குப் பக்கம். ஜேர்மன் வழியில் வந்த வசதியானவர்களுக்கு வேறு ஆலயம். பிறகு ரபிமாருக்கும் இடதுசாரிகளுக்கும் இடையில் இருந்த தூரம் வேறு. ருமேனியாவில் பிறந்து இந்த நகரத்தில் வளர்ந்த இரண்டு பேரைச் சொல்கிறேன். ஒருவர் ஃபனி பிரின், பெண்கள் வாக்குரிமைக்கும் உலக சமாதானத்துக்கும் உழைத்தவர், 1932 முதல் 1938 வரை யூதப் பெண்களின் தேசியப் பேரவைக்குத் தலைவி. மற்றவர் ஐசடோர் புளூமன்ஃபெல்ட், ‘கிட் கேன்’ என்ற பெயரில் கள்ளச் சாராயம் கடத்திய சண்டியர். மேடை அண்ணைக்குப் பிரின் போதும், பேஸ்புக் அண்ணைக்குக் கிட் கேன் போதும். ஊர் என்றால் இரண்டு பேரும்தானே.

வெறுப்பு சும்மா முணுமுணுப்பாக மட்டும் இருக்கவில்லை. நகரத்தின் முதலாம் பப்ரிஸ்ற் தேவாலயத்தின் போதகர் வில்லியம் பெல் ரைலி, 1930களில் ‘சீயோன் மூப்பர்களின் நெறிமுறைகள்’ என்ற போலி ஆவணத்தை உண்மை என்று பரப்பினார். பேஸ்புக் அண்ணை போடுகிற பதிவுகளின் தாய் ஊற்று அந்த ஆவணம்தான். வெள்ளிச் சட்டைக்காரர் என்ற பாசிசக் கும்பல் அங்கு ஆள் திரட்டியதை 1936 இல் எரிக் செவரைட் என்ற இளம் நிருபர் அம்பலப்படுத்தினார். 1938 ஆளுநர் தேர்தலில் எல்மர் பென்சனின் யூத உதவியாளர்களைக் காட்டியே அவருக்கு எதிராகப் பிரசாரம் நடந்தது. அவர் தோற்றார்.

ஊடகம் படிக்கிறவர்கள் ‘நியர் எதிர் மினசோட்டா’ வழக்கைக் கேள்விப்பட்டிருப்பீர்கள், 1931. பத்திரிகையை வெளிவர முன்னரே அரசு தடுக்கக்கூடாது என்ற பெருமைக்குரிய தீர்ப்பு. வழக்கில் வென்ற பத்திரிகை யூதரைத் திட்டியே ஓடிய ஒரு மினியாபொலிஸ் வாரத்தாள் என்பது பலருக்குத் தெரியாது. நல்ல தீர்ப்பு எல்லாம் நல்ல ஆட்களின் பெயரில் வருவதில்லை போல.

அந்தத் தாளுக்கு எதிராக வழக்குப் போட்டவர் புளொய்ட் ஓல்சன், பிற்பாடு மாநில ஆளுநர். நோர்வே, சுவீடன் வழி வந்த பெடியன், வளர்ந்தது யூதர் வாழ்ந்த வடக்குப் பக்கத்தில். சபாத் அன்று அயல் யூத வீடுகளில் அடுப்பு மூட்டிக் கொடுத்தவர், யிட்டிஷ் மொழி பேசத் தெரிந்தவர். 1936 இல் இறந்துபோனார். பிறகு அவர் பெயரில் ஒரு நெடுஞ்சாலை போட்டார்கள். எங்கே? வடக்குப் பக்கத்தின் ஆறாம் அவெனியூவுக்கு மேல். கடைகளும் இசைக்கூடங்களும் இருந்த, யூதரும் கறுப்பின மக்களும் சேர்ந்து நடமாடிய தெருவை உடைத்து.

சேர்ந்து வாழ்ந்தார்கள் என்று நான் இனிப்புத் தடவ வரவில்லை. வேறெங்கும் விடாததால்தான் இரண்டு சனமும் ஒரே இடத்தில் இருந்தது. மினியாபொலிஸில் காணி உறுதிகளில் ஒரு வசனம் எழுதுவார்கள், இந்தக் காணியை இன்ன இனத்தவருக்கு விற்கவோ குத்தகைக்குக் கொடுக்கவோ கூடாது என்று. 1910 இல் தொடங்கியது. மினசோட்டாப் பல்கலைக்கழகத்தின் ‘மெப்பிங் பிரெஜுடிஸ்’ ஆய்வுக்குழு பழைய உறுதிகளைத் தோண்டி, நகரத்துக்குள் மட்டும் இப்படி 8,000க்கு மேற்பட்டதைக் கண்டுபிடித்திருக்கிறது.

மேடையில் யாரும் சொல்லாத துண்டு இதற்குப் பிறகுதான் வருகிறது. 1919 இல் மினசோட்டா சட்டசபை ஒரு சட்டம் போட்டது: மதத்தைக் காரணம் காட்டி உறுதியில் தடை எழுதக்கூடாது. இனத்தைக் காட்டி எழுதுவதை அது தொடவில்லை. அதைப் புதிதாக எழுதக்கூடாது என்று மாநிலம் சொன்னது 1953 இல். இடையில் 34 வருசம். யூதருக்குக் கதவு முழுதாகத் திறந்துவிட்டது என்றில்லை. எடைனா போன்ற புறநகர்களில் தரகர்மார் காகிதத்தில் எழுதாமலே வாசலில் மறித்தார்கள். ஆனால் யூதரை மறித்தது வழக்கம், கறுப்பினத்தவரை மறித்தது வழக்கமும் உறுதியும் சேர்ந்து. வழக்கத்தைச் சுற்றிக்கொண்டு போகலாம். உறுதி பெட்டகத்துக்குள் இருந்துகொண்டே மறிக்கும். கூடவே, அரசு உத்தரவாதம் கொடுத்த வீட்டுக் கடன் புதிய புறநகர்களில் வெள்ளையருக்குக் கிடைத்தது, கறுப்பினத்தவருக்குக் கிடைக்கவில்லை. இந்தக் கணக்கில் யூதர் வெள்ளையர்.

சென்ட் லூயிஸ் பார்க்கை யூதர் ஞானத்தால் தெரிவு செய்யவில்லை. எடைனா பூட்டியிருந்தது, அது திறந்திருந்தது, அவ்வளவுதான். யுத்தம் முடிந்தபின் போகத் தொடங்கினார்கள், 1950களில் பெருவாரியாக. வடக்குப் பக்கத்தில் பிளிமத் அவெனியூவில் அவர்களின் கடைகள் மட்டும் மிஞ்சின. 1966 ஓகஸ்டில் ஒரு தடவையும் 1967 ஜூலையில் இன்னொரு தடவையும் அந்தத் தெருவில் கலவரம் வெடித்தது. வேலையில்லாத் திண்டாட்டமும் பொலிஸ் அடியும் பொறுக்காத கறுப்பின இளைஞர்கள் எழும்பினார்கள், யூதக் கடைகள் எரிந்தன, 1967 இல் தேசியக் காவற்படை இறங்கியது. கலவரத்தால்தான் யூதர் வெளியேறினார்கள் என்று ஒரு கதை இன்றும் சொல்லப்படுகிறது. தேதிகளை வரிசையாக வைத்துப் பார்த்தால் அது நிற்காது. வீடுகள் முன்னரே போய்விட்டன, கடை எரிந்தபோது கடைசி ஆட்களும் போனார்கள். எரிந்த கடைக்காரரின் இழப்பு பொய் என்று நான் சொல்லவில்லை. வாழ்நாள் உழைப்பு அது.

கோயன் சகோதரர்களின் படம் நடப்பதும் அதே 1967. புல்வெளி வீட்டில் இருந்து பிளிமத் அவெனியூ சில மைல்தான். படத்தில் அந்தப் புகை வராது. அதற்காகப் படத்தைக் குற்றம் சொல்லவும் மாட்டேன், அந்தப் புறநகர் அப்படித்தான் இருந்திருக்கும்.

இனி வெற்றிகள். யூத டொக்டர்மாருக்கு நகரத்து ஆஸ்பத்திரிகளில் தங்கட நோயாளிகளை அனுமதிக்க இடம் கிடைக்கவில்லை. சமூகம் காசு சேர்த்து 1951 இல் மவுன்ட் சைனாய் ஆஸ்பத்திரியைத் திறந்தது. இதை எங்கட அண்ணை கேட்டால் துள்ளுவார்: பாத்தியளே, தங்களுக்கெண்டு ஒண்டு கட்டினாங்கள்! கட்டினார்கள்தான். ஆனால் தங்களுக்கென்று மட்டும் கட்டவில்லை. எல்லா மதத்தாருக்கும் எல்லா இனத்தாருக்கும் திறந்த ஆஸ்பத்திரி அது, கறுப்பின மருத்துவர்களுக்கும்.

1947 இல் வேலைக்கு ஆள் எடுப்பதில் பாகுபாடு காட்டுவதை மினியாபொலிஸ் நகரசபை தடைசெய்தது. அன்றைய மேயர் ஹியூபர்ட் ஹம்ஃப்ரி, அடுத்த வருசம் ஜனநாயகக் கட்சி மாநாட்டில் சிவில் உரிமைக்காகப் பேசிப் பேரெடுத்தவர். அவருக்குப் பின்னால் இருந்து தள்ளியவர்களில் இரண்டு பேர் முக்கியம். சாம் ஷைனர், யூதச் சட்டத்தரணி, ஜாஸ் பியானோவும் வாசிப்பார், அந்த 1938 தேர்தல் காலத்து வெறுப்புக்கு எதிராக யூதர் அமைத்த பேரவையை நடத்தினார். செசில் நியூமன், ‘மினியாபொலிஸ் ஸ்போக்ஸ்மன்’ என்ற கறுப்பினப் பத்திரிகையை 1934 இல் தொடங்கிய ஆசிரியர். நூற்றுக்கு ஐந்து பேர்கூட இல்லாத யூதர் தனியே நின்று ஒரு சட்டமும் கொண்டுவந்திருக்க முடியாது. நியூமனின் சனம் அதைவிடக் குறைவு.

“தமிழனும் யூதன் மாதிரி” என்று சொல்லும்போது எந்த யூதனைச் சொல்கிறீர்கள் அண்ணை? கார்ச் சங்க வாசலில் மறிக்கப்பட்டவனையா, நியூமனோடு மேசையில் இருந்தவனையா, அயலவனுக்குத் திறக்காத கதவால் போய்ப் பிறகு திரும்பிப் பார்க்காதவனையா? மறிக்கப்பட்டவன் என்றால் எங்களுக்கு உடனே விளங்கும், 1983 போதும். மற்ற இரண்டையும் கேட்டால் மண்டபம் அமைதியாகிவிடும். 1990 ஒக்டோபரில் யாழ்ப்பாணத்து முஸ்லிம்களுக்கு என்ன நடந்தது என்று கதைக்க வேண்டிவரும். காணி விற்கும்போது உறுதியில் எழுதாமலே “ஆர் ஆக்கள்?” என்று விசாரிக்கிற எங்கட தரகர்மாரையும் கதைக்க வேண்டிவரும்.

மினசோட்டாவில் 2019 முதல், வீட்டுக்காரர் விரும்பினால் தன் உறுதியில் கிடக்கிற அந்தப் பழைய வசனத்தை ரத்துச் செய்ய ஒரு பத்திரம் நிரப்பிக் கொடுக்கலாம். வசனம் எப்போதோ செத்துவிட்டது, சட்டத்தில் அதற்குப் பலமில்லை. ஆனாலும் நிரப்பிக் கொடுக்கிறார்கள். வடக்குப் பக்கத்தில் யூதர் கட்டிய மிக்ரோ கோடேஷ் ஆலயம், அவர்கள் போனபிறகு கிறிஸ்தவ தேவாலயம் ஆயிற்று. ஆறாம் அவெனியூ இருந்த இடத்தில் இன்றும் ஓல்சனின் பெயரில் கார்கள் ஓடுகின்றன.