எண்ணெனும் மந்திரக்கோல்



மந்திரக் கதையைக் கேட்டு மகிழாத குழந்தை உலகில் இல்லை. அண்மையில் ஐந்தாம் ஆண்டு மாணவன் ஒருவன் தானே கற்பனை செய்த கதையொன்றைக் கட்டுரை ஏட்டில் எழுதித் தந்தான். அக்கதையில் வரும் மந்திரவாதியிடம் மந்திரக்கோல் இல்லை. ஒரு சுண்ணக்கட்டி மட்டுமே உண்டு. அவன் தரையில் ஒரு கணக்கை எழுதி விடை கண்டால் ஆறு திசை மாறும், மலை நகரும், இல்லாத பொருள் உண்டாகும். ஆனால் ஓர் இலக்கம் பிழைத்துவிட்டால் அம்மந்திரம் எழுதியவனையே விழுங்கிவிடும். கதையின் கீழே அவன் ஒரு வினாவும் எழுதியிருந்தான்: “ஐயா, இப்படி ஒரு மந்திரம் உண்மையில் உண்டா?”

சிவப்பு மையால் ஒரே வரியில் எழுதக்கூடிய விடையன்று அது. ஆதலால் இம்மலரின் வழியாக விடை கூற விழைகின்றேன். எண்ணை எழுதி வைத்த மாத்திரத்தில் உலகம் மாறாது. ஆயினும் எண்ணின் விதியை அறிந்தவன் உலகை மாற்ற வல்லவன். அறியாதவனை அவ்வெண்ணே விழுங்கிவிடும். இதுவே என் கருத்து.

நம் இல்லங்கள் பலவற்றில் குபேரக் கோலம் இடும் வழக்கம் உண்டு. அதில் வரும் எண்கள் இவை:

27 20 25
22 24 26
23 28 21

இடமிருந்து வலமாகவோ, மேலிருந்து கீழாகவோ, மூலைக்கு மூலையாகவோ எப்படிக் கூட்டினும் 72 வரும். காண்போர்க்கு இது பெரும் மாயமாகத் தோன்றும். மாணவர்களே, ஒவ்வோர் எண்ணிலிருந்தும் 19ஐக் கழித்துப் பாருங்கள். 8, 1, 6. 3, 5, 7. 4, 9, 2 என்று, ஒன்று முதல் ஒன்பது வரையுள்ள எண்களே எஞ்சும். அவற்றை எப்படிக் கூட்டினும் 15 வரும். ஒரு வரிசையிலுள்ள மூன்று எண்களுடனும் 19ஐக் கூட்டினால் 57 மிகும். 15உம் 57உம் சேர்ந்தால் 72. மறைபொருள் விளங்கிவிட்டது, அழகோ சிறிதும் குறையவில்லை. வழிபாட்டைக் குறை கூறுவது என் நோக்கமன்று. கோலத்தை வணங்குவோரும் அதன் கணக்கை அறிந்து வணங்கலாம் என்பதே என் வேண்டுகோள். கணித மேதை இராமானுசனும் தம் குறிப்பேட்டின் தொடக்கத்தில் இத்தகைய மாயச் சதுரங்களைத்தான் ஆராய்ந்து எழுதியிருக்கின்றார்.

இனி, உண்மையிலேயே உலகை மாற்றிய கணக்கு ஒன்றைக் கூறுகின்றேன். 1905ஆம் ஆண்டு ஐன்ஸ்டீன் ஒரு சூத்திரத்தைக் கண்டார். ஒரு பொருளின் நிறையை ஒளியின் வேகத்தால் இருமுறை பெருக்கினால், அதனுள் உறங்கும் ஆற்றலின் அளவு கிடைக்கும் என்பதே அது. தாளில் எழுதினால் ஒரு வரிகூட நிரம்பாது. நாற்பது ஆண்டுகள் கழித்து, 1945ஆம் ஆண்டு ஆகஸ்டு 6ஆம் நாள், இரோசிமா நகரின் மீது அணுகுண்டு வீழ்ந்தது. அதில் ஆற்றலாக மாறிய பொருள் ஒரு கிராமுக்கும் குறைவு. பல்லாயிரம் மக்கள் மாண்டனர். கணக்கு அறிந்தவர்க்கு அருளும் வேண்டும் என்பதற்கு இதனினும் பெரிய சான்று வேண்டுவதில்லை.

அவ்வளவு தொலைவுக்குச் செல்வானேன்? நம் வாயிற்படியிலேயே எண் நின்றுகொண்டிருக்கின்றது. கனவில் கண்ட எண், விபத்தில் சிக்கிய வண்டியின் எண், மகன் பிறந்த நாளின் எண் என்று தேடித் தேடி ‘நம்பர்’ எடுப்போர் நம்மிடையே எத்தனை பேர்! 0000 முதல் 9999 வரை பத்தாயிரம் எண்கள் உள்ளன. அவற்றுள் முதற்பரிசு பெறுவது ஒன்றே. வாரம் மூன்று குலுக்கல் என்று கொண்டால் ஆண்டுக்கு 156 குலுக்கல். ஒவ்வொரு குலுக்கலிலும் ஓர் எண் வாங்குபவர் முதற்பரிசுக்குச் சராசரியாக 64 ஆண்டுகள் காத்திருக்க வேண்டும். அந்த வண்டிக்கும் நம் கனவுக்கும் குலுக்கல் பொறி செவி சாய்ப்பதில்லை. முன்பு வந்த எண் எது என்பதும் அதற்கு நினைவில்லை.

சில ஆண்டுகளுக்கு முன் என்னிடம் பயின்ற மாணவி ஒருத்தியை நான் மறக்கவில்லை. அவள் தந்தையார் பால்மரம் வெட்டும் தொழிலாளி. பள்ளி திறக்கும் வேளையில் பிள்ளைகளின் சீருடைக்கும் புத்தகப் பைக்குமாக ஒருவரிடம் 300 வெள்ளி கடன் வாங்கினார். வட்டி மாதத்திற்குப் பத்து விழுக்காடு. “மாதம் 30 வெள்ளிதானே!” என்று எண்ணிக் கட்டி வந்தார். விழுக்காடு பாடம் நடந்த அன்று அவள் என்னிடம் வந்து, “ஐயா, அப்பா ஒரு வருடமாகக் கட்டுகிறார். இன்னும் 300 வெள்ளி பாக்கி என்கிறார்களே, அது எப்படி?” என்று கேட்டாள்.

இருவரும் அமர்ந்து கணக்கிட்டோம். பன்னிரண்டு மாதங்களில் கட்டியது 360 வெள்ளி, அத்தனையும் வட்டி. முதலில் ஒரு காசும் குறையவில்லை. வட்டியையும் கட்டாது விட்டு, அது வட்டிக்கு வட்டியாக ஏறியிருந்தால் ஓராண்டில் கடன் 941 வெள்ளியைக் கடந்திருக்கும். மலேசியாவின் கடன் கொடுப்போர் சட்டம் பிணையில்லாக் கடனுக்கு ஆண்டுக்கு 18 விழுக்காடு என்று வரம்பிட்டுள்ளது. அதன்படி பார்த்தால் 300 வெள்ளிக்கு ஓராண்டு வட்டி 54 வெள்ளியே.

அம்மாணவி அத்துடன் நிற்கவில்லை. தந்தையார் வாரம் மூன்று முறை இரண்டிரண்டு வெள்ளிக்கு ‘நம்பர்’ எடுப்பார் என்பதை அவள் அறிவாள். வாரம் 6 வெள்ளி. ஆண்டுக்கு 312 வெள்ளி. வாங்கிய கடனைக் காட்டிலும் அது மிகுதி! அத்தொகையை மாதம் 26 வெள்ளியாக வட்டியுடன் சேர்த்து, 56 வெள்ளியாகக் கட்டினால் முதலும் குறையும். அதனால் வட்டியும் குறையும். எட்டு மாதங்கள் அவ்வாறு கட்டியபின், ஒன்பதாம் மாதம் மூன்று வெள்ளிக்கும் குறைவாகக் கட்டினால் கடன் தீர்ந்துவிடும் என்று ஏட்டின் கடைசிப் பக்கத்தில் எழுதி முடித்தாள். தந்தையார் அந்தத் தாளை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாராம். அவ்வாறே கட்டினார்; கடனும் தீர்ந்தது. பன்னிரண்டு வயதுச் சிறுமியின் பென்சில் ஒரு குடும்பத்தின் சுமையை இறக்கி வைத்தது.

பெற்றோர்களே! “பெண் பிள்ளைக்குக் கணக்கு எதற்கு?” என்று இனியும் கேளாதீர்கள். தேர்வுப் புள்ளியை மட்டும் வினவாமல், சம்பளச் சீட்டையும் கடைக் கணக்கையும் கடன் சீட்டையும் பிள்ளைகள் முன் விரித்து வையுங்கள். அவர்களைக் கூட்டிப் பார்க்கச் சொல்லுங்கள். நமக்குத் தெரியாததைப் பிள்ளையிடம் கேட்டறிவதில் இழுக்கு ஒன்றுமில்லை. கையொப்பமிட்ட பின்னர் வருந்துவதே இழுக்கு.

கதை எழுதிய மாணவனுக்கு என் விடை இதுதான்: தம்பி, நீ எழுதிய மந்திரம் உண்டு. மலையை நகர்த்த அதற்கு இயலாது. ஆனால் அறியாதவனை அது விழுங்கும் என்று எழுதினாயே, அது முற்றிலும் மெய். ஆகவே பெருக்கல் வாய்பாட்டைப் பிழையறக் கற்றுக்கொள். உன் கணக்கை நீயே மீண்டும் ஒருமுறை சரிபார். பிறர் எழுதி நீட்டும் கணக்கையோ இருமுறை சரிபார்.