கையைக் கழுவாமல் மெஷினைத் திட்டாதீர்கள்

மாலை வேளையில் கடற்கரைச் சாலையில் நடக்கிற எங்கள் கூட்டத்தில் ஏழு பேர். அதில் ஐந்து பேருக்குச் சர்க்கரை. ஐந்து வீட்டிலும் விரலில் குத்திப் பார்க்கும் மெஷின் இருக்கிறது. நடை முடிந்து காந்தி சிலைக்குப் பக்கத்தில் உட்கார்ந்தால், அரசியலுக்கு முன்னால் வருவது இந்தப் பேச்சுதான். "லேப்பில் 148, வீட்டில் 165. மெஷின் சுத்த ஃபிராடு சார்" என்பார் ஒருவர். "நான் அதைப் பரண்மேல் தூக்கிப் போட்டு ஒரு வருஷம் ஆச்சு" என்பார் இன்னொருவர். மூன்றாமவர் நேர் எதிர். மெஷின் சொன்னால் அவருக்கு வேதவாக்கு. 200ஐத் தாண்டினால் அன்று ராத்திரி தானே ஒரு மாத்திரை சேர்த்துப் போட்டுக்கொள்வார்.

மூன்று பேர் செய்வதும் தப்பு. அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை. சொல்ல உனக்கு என்ன தகுதி என்று கேட்பீர்கள். நான் டாக்டர் இல்லை. முப்பத்து மூன்று வருஷம் அரசாங்க ஆபீசில் கணக்குப் பிரிவில் குப்பை கொட்டிய கிளார்க். எனக்கு ஒரே தகுதி, அந்த மூன்றாமவர் செய்கிற காரியத்தை நானும் ஒருநாள் செய்து, என் மனைவியைப் பறிகொடுக்க இருந்தவன்.

போன வருஷம் ஆனி மாதம். பண்ருட்டிப் பலாப்பழம் ஒன்று வந்திருந்தது. மகள் வீட்டுக்குக் கொடுத்தனுப்ப வேண்டும் என்று என் மனைவி உட்கார்ந்து சுளை எடுத்தாள். முடித்ததும் கையைத் துணியில் துடைத்துக்கொண்டு வந்து விரலை நீட்டினாள். நான்தான் குத்தினேன். 312 என்று வந்தது. அவளுக்குச் சாப்பாட்டுக்கு முன்னால் 150ஐத் தாண்டுவதே அபூர்வம்.

"சத்தியமா ஒரு சுளைகூட வாயில போடலைங்க" என்றாள். நான் நம்பவில்லை. மெஷினை நம்பினேன். இரண்டு இட்லியோடு நிறுத்தச் சொல்லிவிட்டு, வழக்கமான அரை மாத்திரைக்குப் பதிலாக ஒன்றரை கொடுத்தேன். அது கணையத்தை முடுக்கி இன்சுலினைச் சுரக்க வைக்கிற வகை மாத்திரை. ரத்தத்தில் சர்க்கரை நிஜமாகவே அதிகமா என்று அது பார்க்காது, இறக்கிக்கொண்டே போகும்.

ராத்திரி 2 மணிக்கு எழுப்பினாள். உடம்பெல்லாம் தொப்பலாக வேர்வை. கை நடுக்கம். பேச்சு குழறியது. குத்திப் பார்த்தேன், 48. 70க்குக் கீழே போனாலே ஆபத்து. நல்லவேளை, விழுங்கும் நிலையில் இருந்தாள். மூன்று ஸ்பூன் சர்க்கரையைத் தண்ணீரில் கரைத்துக் கொடுத்தேன். 15 நிமிஷம் கழித்து மறுபடி பார்த்தேன், மறுபடி கொடுத்தேன். விடியும்வரை அவள் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

காலையில் டாக்டரம்மா எல்லாவற்றையும் கேட்டுவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார். "குத்துறதுக்கு முன்னாடி கை கழுவினாங்களா சார்?"

வவுச்சர் இல்லாமல் ஒரு பில்லைக்கூடப் பாஸ் பண்ணாதவன் நான். பத்து ரூபாய் வித்தியாசத்துக்கு ஃபைலைத் திருப்பி அனுப்பியிருக்கிறேன். அப்படிப்பட்டவன், என் வீட்டு எண்ணை ஒரு கேள்வியும் கேட்காமல் பாஸ் பண்ணினேன்.

அந்த மெஷின் உறிஞ்சுவது கடுகளவுகூட இல்லாத ரத்தம். விரலில் பழச்சாறு இம்மி ஒட்டியிருந்தாலும் அதையும் சேர்த்தேதான் எண்ணிச் சொல்லும். துணியில் துடைத்தால் போகாது. சானிடைசர் கிருமியைக் கொல்லும், சர்க்கரையை எடுக்காது. சோப்புப் போட்டுத் தண்ணீரில் கழுவி, ஈரம் போகத் துடைக்க வேண்டும். ஈரம் இருந்தால் ரத்தம் நீர்த்து, எண் குறையும்.

அடுத்தது ஸ்ட்ரிப். நம் ஊர் உப்புக் காற்றில் டப்பா மூடியைத் திறந்து வைத்தால் நமத்துப்போன அப்பளம் மாதிரிதான் ஆகும். கெடு தேதி தாண்டியதை "இன்னும் பத்து இருக்கே" என்று உபயோகிக்கிறவர்களை எனக்குத் தெரியும். வெளிநாட்டிலிருந்து பிள்ளை கொண்டுவந்த மெஷினுக்கு இங்கே ஸ்ட்ரிப் கிடைக்கவில்லை என்று வேறு கம்பெனி ஸ்ட்ரிப்பைச் சொருகிப் பார்த்தவரையும் தெரியும்.

ரத்தம் வரவில்லை என்று விரலை எலுமிச்சம்பழம் மாதிரி பிழியாதீர்கள். சதையில் உள்ள நீரும் சேர்ந்து வந்து கணக்கைக் கெடுக்கும். வெந்நீரில் கழுவி, கையைச் சற்று நேரம் தொங்கப் போட்டால் தானாக வரும். விரல் நுனியின் நடுவில் குத்தாமல் பக்கவாட்டில் குத்தினால் வலியும் குறைவு.

இனி அந்த முதல் நண்பரின் "ஃபிராடு" விஷயம். இந்த மெஷின்களுக்கு 2013இல் வந்த சர்வதேசத் தர விதி ஒன்று உண்டு. 100க்கு மேற்பட்ட அளவில், நூற்றுக்கு 95 தடவையாவது லேப் கணக்கிலிருந்து 15 சதவீதத்துக்குள் இருக்க வேண்டும். அதாவது நிஜம் 148 என்றால் 126 முதல் 170 வரை காட்டலாம். அவருடைய 165 விதிக்குள்தான் இருக்கிறது. சாப்பிட்ட பிறகு விரல் ரத்தத்தில் சர்க்கரை, கை நரம்பில் எடுக்கும் ரத்தத்தைவிடக் கூடுதலாகவும் இருக்கும். ரத்தசோகை இருந்தாலும் மெஷின் கூட்டிக் காட்டக்கூடும். லேப்பில் வெறும் வயிற்றில் கொடுத்துவிட்டு, வழியில் காபி குடித்துவிட்டு வந்து வீட்டில் பார்த்தால் மெஷின் என்ன செய்யும் பாவம்?

புருஷன் பெண்டாட்டிதானே என்று ஒரே ஊசியில் இருவரும் குத்திக்கொள்ளும் வீடுகளும் உண்டு. கல்லீரலைத் தாக்கும் மஞ்சள் காமாலைக் கிருமிகளில் சில ரத்தம் வழியாகவும் பரவும். ஆளுக்கு ஒரு ஊசி, தடவைக்கு ஒரு ஊசி. குத்திய ஊசியைக் குப்பையில் எறியாதீர்கள். பிரான்சில் இதற்கென்றே மருந்துக் கடையில் இலவசமாகப் பெட்டி கொடுக்கிறார்கள். இங்கே அது துப்புரவுத் தொழிலாளியின் கையில் குத்துகிறது. கெட்டியான பிளாஸ்டிக் டப்பாவில் சேர்த்து மூடி வையுங்கள், லேப்பில் கேட்டு ஒப்படையுங்கள்.

எனக்குக் கோபம் விற்கிறவர்கள் மேலும்தான். தள்ளுபடி சொன்னார்கள், ஸ்ட்ரிப் இலவசம் என்றார்கள். கையைக் கழுவு என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை. உள்ளே வைத்த காகிதத்தில் எழுத்து எறும்பு அளவு. எழுபது வயதுக் கண்ணுக்கு அது எட்டுமா?

எதிர்பாராத எண் வந்தால் கழுவிவிட்டு, புது ஸ்ட்ரிப்பில், வேறு விரலில் இன்னொரு தடவை பாருங்கள். நோட்டில் தேதி, நேரம், சாப்பாட்டுக்கு முன்னா பின்னா என்று எழுதுங்கள். மாத்திரையைக் கூட்டுவதும் குறைப்பதும் டாக்டர் வேலை. உடம்பு வேர்த்து நடுங்கினால் மட்டும் கழுவிக்கொண்டு நிற்காதீர்கள், உடனே சர்க்கரை கொடுங்கள்.

பிரெஞ்சுப் பள்ளியில் படித்த காலத்தில், மதியச் சாப்பாட்டு மணி அடித்ததும் டீச்சர் வாசலில் நின்று "லவே வூ லே மேன்!" என்று கத்துவார். கையைக் கழுவுங்கள் என்று அர்த்தம். ஆறு வயதில் படித்ததை எழுபதில் மறந்தேன். இப்போது அந்த வாக்கியத்தைத் தமிழில் பெரிசாக எழுதி மெஷின் பெட்டியில் ஒட்டியிருக்கிறேன்.

அன்று அவள் சொன்னது உண்மை. ஒரு சுளைகூடச் சாப்பிடவில்லை. நாற்பத்தைந்து வருஷம் கூட வாழ்ந்தவளை விட்டுவிட்டு, மூன்று இலக்க எண்ணை நம்பினேன். அதைத்தான் இன்னும் என்னால் ஜீரணிக்க முடியவில்லை.