வேலியாய் நின்றவர்கள்

எங்கள் ஊர்ப் பக்கத்தில் வெங்காயத் தோட்டமொன்றைக் கடந்து செல்வோர், "பயிர் நன்றாய் நிற்கிறது" என்று சொல்வதுண்டு. "வேலி நன்றாய் நிற்கிறது" என்று சொன்னவர் எவரையும் நான் கண்டதில்லை. வேலியில் ஒரு பொட்டு விழுந்து ஆடு உள்ளே புகுந்த அன்றுதான் வேலியைப் பற்றிய பேச்சே எழும்.

அண்மையில் உடுப்பிட்டியில் ஒரு மாலை நடைபெற்ற உதைபந்தாட்டத்தில் எம் மாணவர் ஒரு கோலினால் தோற்றனர். பின்வரிசையில் நின்ற ஒரு பையனின் கால்களுக்கிடையே பந்து நழுவிச் சென்றுவிட்டது. அதன்பின் நான்கு நாள் அவன் மைதானத்தை எட்டிப் பார்க்கவில்லை. வகுப்பு முடிந்ததும் அழைத்து, "என்ன தம்பி, விளையாட்டுப் பக்கம் காணவில்லையே?" என்றேன்.

"எத்தனையோ முறை தடுத்தேன், சேர். அதை ஒருவரும் எண்ணவில்லை. விட்ட ஒன்றைத்தான் எல்லாரும் எண்ணுகிறார்கள்" என்றான்.

எனக்கு உடனே விடை வரவில்லை. அன்று "ஐயோ!" என்று உரக்கக் கூவியவர்களுள் நானும் ஒருவன். எனவே அவனுக்கு அறிவுரை கூறாமல் ஒரு வரலாற்றைக் கூறினேன்.

இந்தியாவின் ஹைதராபாத் நகரம் ஒரு காலத்தில் உதைபந்தாட்டத்தின் விளைநிலமாய் இருந்தது. 1962ஆம் ஆண்டு ஜக்கார்த்தாவில் ஆசியப் போட்டியின் தங்கப் பதக்கத்தை இந்தியாவுக்குத் தேடித் தந்த பயிற்றுவிப்பாளர் சையத் அப்துல் ரஹீம், அந்நகரத்துப் பள்ளி ஆசிரியர். அதே நகரில் 1944இல் பிறந்தவர் சையத் நயீமுதீன். அவர் பின்வரிசை வீரர். கொல்கத்தாவின் பெரிய கழகங்களில் ஆடி, 1970ஆம் ஆண்டு பாங்கொக் ஆசியப் போட்டியில் இந்திய அணிக்குத் தலைமை தாங்கினார். மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்தில் யப்பானை 1-0 என வென்று வெண்கலம் பெற்றது அவ்வணி. ஆசியப் போட்டி உதைபந்தாட்டத்தில் இந்தியா அதன்பின் பதக்கம் பெறவில்லை.

ஆடிய கால்கள் ஓய்ந்தபின் அவர் பயிற்றுவிப்பாளரானார். ஒழுங்கில் மிகக் கண்டிப்பானவர் எனப் பெயர் பெற்றார். 1990ஆம் ஆண்டில் ஈஸ்ட் பெங்கால் கழகம் அவர் பயிற்சியில் டுராண்ட், ரோவர்ஸ், ஐ.எப்.ஏ. கேடயம் ஆகிய மூன்றையும் வென்றது. ஆடிய திறனுக்கு 1970இல் அர்ஜுனா விருதும், ஆட்டுவித்த திறனுக்கு 1990இல் துரோணாச்சாரியார் விருதும் கிடைத்தன. 2005 டிசம்பரில் கராச்சியில் தெற்காசியக் கிண்ணத்தையும் இந்தியா அவர் பயிற்சியிலேயே வென்றது. ஆயினும் அடுத்த ஆண்டு ஆசியக் கிண்ணத் தகுதிச் சுற்றில் தோல்விகள் வந்தபோது, பதவி வேறொருவர் கைக்குச் சென்றது. வென்ற கிண்ணத்தை அன்று எவர் எண்ணினார்?

பையன் கேட்டுவிட்டுச் சிரித்தான். "அவர் நாட்டின் அணித்தலைவர், சேர். நான் ஊர் அணியின் பின்வரிசை" என்றான்.

நியாயமான கேள்வி. ஆகவே இங்கிலாந்தின் ஷோன் டைச் என்பவரைப் பற்றியும் சொன்னேன். இளமையில் நொட்டிங்ஹாம் பொரஸ்ட் கழகத்தில் பயின்றும் முதல் அணியில் ஓர் ஆட்டமும் கிட்டாதவர் அவர். பின்னர் கீழ்ப்படி அணியான செஸ்டர்பீல்டில் பல்லாண்டு பின்வரிசையில் நின்றார். 1997இல், மூன்றாம் படியில் ஆடிய அவ்வணி, அவர் தலைமையில் எப்.ஏ. கிண்ண அரையிறுதி வரை ஏறிற்று. எதிரே நின்றது முதற்படி அணியான மிடில்ஸ்பரோ. டைச் தண்ட உதையில் கோல் அடிக்க, செஸ்டர்பீல்ட் 2-0 என முந்தியது. பிறகு எதிரணி ஒரு கோல் போட்டது. அதன்பின் செஸ்டர்பீல்ட் வீரர் அடித்த பந்து குறுக்குக் கம்பத்தில் பட்டுக் கோட்டைத் தாண்டி விழுந்தும் நடுவர் கோல் வழங்கவில்லை. ஆட்டம் 3-3 எனச் சமநிலையில் முடிந்தது. மறு ஆட்டத்தில் 0-3 எனத் தோற்றார்கள். இறுதியாட்டக் கனவு அங்கே முடிந்தது.

டைச் முடிந்துவிடவில்லை. 2012இல் பேர்ன்லி என்னும் சிறு நகரத்து அணியைப் பொறுப்பேற்று, 2014இல் முதற்படிக்கு ஏற்றினார். அடுத்த ஆண்டு அணி இறங்கியது. 2016இல் மீண்டும் ஏற்றினார். 2018இல் ஏழாமிடம் பெற்று, 51 ஆண்டுகளுக்குப் பின் அவ்வணி ஐரோப்பியப் போட்டிக்குள் நுழைந்தது. எனினும் 2022 ஏப்ரலில், அணி இறங்கும் நிலைக்கு வந்தபோது, எட்டு ஆட்டங்கள் எஞ்சியிருக்க அவர் நீக்கப்பட்டார்.

பின்வரிசையாரே சிறந்த பயிற்றுவிப்பாளர் ஆவர் என்று விதி செய்ய நான் துணியேன். 1970இல் நயீமுதீனைப் பயிற்றுவித்தவர்களுள் ஒருவரான பி. கே. பானர்ஜி முன்வரிசை வீரரே. ஆனால் ஒன்று உண்மை. பின்னே நிற்பவன் முன்னே உள்ள மைதானம் முழுவதையும் காண்கிறான். எவன் களைத்தான், எங்கே இடைவெளி விழுந்தது என்பதை அறிகிறான். பிறரை அழைத்து நிறுத்துகிறான். தடுத்தவை மறக்கப்பட்டு விட்டவை நினைக்கப்படுவதைப் பொறுத்துக்கொள்ளவும் பழகுகிறான். பயிற்றுவிப்பாளரின் தொழிலும் இதுவே அன்றோ? வள்ளுவர் அரணுக்கென ஒரு தனி அதிகாரமே வகுத்தார். நாமோ அரணை அது இடியும்வரை நினைப்பதில்லை.

பெற்றோரே, உங்கள் பிள்ளை விளையாடிவிட்டு வீடு திரும்பினால், "எத்தனை கோல் அடித்தாய்?" என்று மட்டும் கேளாதீர்கள். "எத்தனை தடுத்தாய்?" என்றும் கேளுங்கள்.

அந்தப் பையன் மறுநாள் மைதானத்துக்கு வந்தான். அடுத்த ஆட்டத்தின்போது நான் ஒரு துண்டுத்தாளும் பென்சிலும் கொண்டு சென்று, கோட்டோரம் நின்று எண்ணினேன். அன்றும் ஒரு கோல் விழுந்தது; ஆட்டம் சமநிலையில் முடிந்தது. அவன் தடுத்தவை பதினொன்று. தாளை அவனிடம் கொடுத்தேன். ஒன்றும் பேசாமல் மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டான்.