கொடுத்த விமானம், வாங்கிய விமானம்

1945 பிப்ரவரி 14. சூயஸ் கால்வாயின் நடுவே விரிந்து கிடக்கும் பெரும் கசப்பு ஏரியில் குவின்சி என்ற அமெரிக்கப் போர்க்கப்பல் நங்கூரம் போட்டு நிற்கிறது. அதில் இருக்கும் அதிபர் ரூஸ்வெல்ட்டைப் பார்க்க ஜெட்டாவிலிருந்து இன்னொரு போர்க்கப்பலில் வந்து சேர்கிறார் சவூதி மன்னர் அப்துல் அஜீஸ். கப்பலின் அறையெல்லாம் வேண்டாம் என்று மேல்தளத்தில் கூடாரம் அடித்து, கம்பளம் விரித்துத் தங்கி வந்தவர். குளிர்பதன இறைச்சியைத் தொட மாட்டோம் என்று ஆடுகளை உயிரோடு ஏற்றியிருந்தார்கள், பின்தளம் பட்டியாகிவிட்டது. சிகரெட் இல்லாமல் இருக்க முடியாத ரூஸ்வெல்ட், மன்னர் எதிரில் புகைப்பது மரியாதையாக இருக்காது என்று, லிஃப்டைப் பாதி வழியில் நிறுத்தச் சொல்லி உள்ளேயே புகைத்துவிட்டு வந்தாராம். பழைய போர்க்காயங்களால் நடக்கச் சிரமப்பட்ட மன்னருக்குத் தன் சக்கர நாற்காலிகளில் ஒன்றைக் கொடுத்தார். கூடவே ஒரு டி.சி.-3 விமானமும் பரிசு.

எண்பது ஆண்டு கழித்து விமானம் எதிர்த்திசையில் போனது. 2025 மே மாதம் கத்தார் அரசு ஒரு போயிங் 747 விமானத்தை அமெரிக்க அதிபரின் பயன்பாட்டுக்கென்று கொடுத்தது, பென்டகன் வாங்கிக்கொண்டது. நாலே மாதம். செப்டம்பர் 9 அன்று அந்தக் கத்தாரின் தலைநகர் தோஹாவில், ஹமாஸ் பேச்சுவார்த்தைக் குழுவைக் குறிவைத்து இஸ்ரேல் தாக்கியது. இறந்தவர்களில் கத்தாரின் பாதுகாப்புப் படை வீரர் ஒருவரும் உண்டு. தோஹாவுக்குச் சற்றுத் தள்ளித்தான் அல் உதைத் இருக்கிறது. மேற்காசியாவிலேயே மிகப் பெரிய அமெரிக்கத் தளம். சுமார் 10,000 வீரர்கள் அங்கே. காவலுக்கு ஆள் குறைவு என்று யாரும் சொல்ல முடியாது.

இது கத்தாரின் கெட்ட நேரம் என்று சொல்லிக் கடந்து போகக்கூடிய விஷயம் இல்லை. குவின்சி கப்பலில் தொடங்கிய கொடுக்கல் வாங்கல் ஒன்று, ‘எண்ணெய் எங்களுக்கு, காவல் உங்களுக்கு’ என்று பின்னாளில் ஊர் புரிந்துகொண்ட ஏற்பாடு, நம் கண்ணெதிரே அறுந்து தொங்குகிறது. அறுந்ததைக் காட்டிலும், அதை ஒட்டுப்போட நடக்கும் அவசரமே நமக்குப் பயம் தருகிறது. தோஹா தாக்கப்பட்ட எட்டாம் நாள் சவூதியும் பாகிஸ்தானும் பரஸ்பரப் பாதுகாப்பு ஒப்பந்தம் போட்டன. ஒருவர் மேல் கை வைத்தால் இருவர் மேலும் வைத்ததாக அர்த்தம். பாகிஸ்தானிடம் அணுகுண்டு இருப்பதை யாரும் யாருக்கும் சொல்லித் தர வேண்டியதில்லை. அக்டோபர் தொடக்கத்தில் வாஷிங்டனிலிருந்து ஓர் ஆணை: கத்தார் மீதான ஆயுதத் தாக்குதலை அமெரிக்காவின் பாதுகாப்புக்கே அச்சுறுத்தலாகக் கருதுவோம் என்றது. நவம்பரில் சவூதிப் பட்டத்து இளவரசர் வெள்ளை மாளிகைக்குப் போய்ப் பாதுகாப்பு உடன்பாட்டோடு திரும்பினார். சிரியாவின் புதிய அதிபர் அகமது அல் ஷரா அக்டோபரில் மாஸ்கோவில் இருந்தார், நவம்பரில் வாஷிங்டனில் இருந்தார். அதற்கு ஓராண்டு முன்புவரை அவர் தலைக்கு 1 கோடி டாலர் விலை வைத்திருந்த அதே வாஷிங்டன்.

இவற்றில் எதையாவது அந்தந்த நாட்டு மக்களிடம் காட்டினார்களா? கேட்டார்களா? கத்தாருக்கான ஆணை அமெரிக்க செனட்டின் முன்னால்கூடப் போகவில்லை. அடுத்து வருகிறவர் நினைத்தால் ஒரு கையெழுத்தில் கிழித்துப் போடலாம்.

அப்படிக் கிழிந்த காகிதம் ஒன்றும் புதிதல்ல. குவின்சி சந்திப்புக்குப் பிறகு, 1945 ஏப்ரல் 5 தேதியிட்டு ரூஸ்வெல்ட் மன்னருக்கு ஒரு கடிதம் எழுதினார். பாலஸ்தீன விஷயத்தில் அரபு மக்களுக்குப் பகையான எதையும் தான் செய்யப்போவதில்லை என்பது அதில் தந்த உறுதி. ஏப்ரல் 12 அன்று அவர் இறந்துபோனார். 1948 மே 14 அன்று இஸ்ரேல் பிரகடனம் செய்யப்பட்ட 11 நிமிடத்தில், ரூஸ்வெல்ட்டுக்கு அடுத்து அதிபரான ட்ரூமன் அதை அங்கீகரித்தார். மூன்றாம் நாள் சோவியத் ஒன்றியம் முழு அங்கீகாரமே கொடுத்துவிட்டது. அரபுகளின் உற்ற தோழன் மாஸ்கோ என்று பின்னாளில் மேடை மேடையாக முழங்கியவர்கள் இதைச் சௌகரியமாக மறந்துவிடுவார்கள். 1948 போரில் செக்கோஸ்லோவாக்கியா இஸ்ரேலுக்கு ஆயுதம் விற்றது. அதே செக்கோஸ்லோவாக்கியாவின் பெயரில்தான் 1955இல் எகிப்துக்கு சோவியத் ஆயுதம் போனது. கடை ஒன்றுதான், வாடிக்கையாளர்தான் மாறினார். ஊரார் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே என்பார்களே, அந்தக் கை எந்த வல்லரசுக்கும் கூசியதில்லை.

சூயஸ் நெருக்கடியைச் சற்று நின்று பார்க்க வேண்டும். 1956 ஜூலை 19 அன்று, எகிப்தின் அஸ்வான் அணைக்குத் தருவதாகச் சொன்ன பணத்தைத் தர முடியாது என்று கைவிரித்தார் அமெரிக்க வெளியுறவு அமைச்சர் டல்லஸ். ஒரு வாரம் கழித்து அலெக்சாந்திரியாவில் எகிப்து அதிபர் நாசர் பேசினார். பேச்சுக்கு நடுவே கால்வாயை வெட்டிய ‘டி லெசப்ஸ்’ பெயர் வரும், வந்ததும் கால்வாய் அலுவலகங்களுக்குள் நுழைந்துவிட வேண்டும் என்று தன் ஆட்களிடம் சொல்லி வைத்திருந்தார். வானொலியில் அவர்கள் காதில் விழாமல் போய்விடுமோ என்று அந்தப் பெயரைத் திரும்பத் திரும்பச் சொன்னார். கூட்டத்தில் இருந்தவர்கள், இந்த மனிதருக்கு ஒரு பிரெஞ்சுக்காரர் மேல் ஏன் இவ்வளவு பிரியம் என்று நினைத்திருப்பார்கள்.

அக்டோபரில் பாரிஸை அடுத்த செவ்ரில் ஒரு வீட்டில் பிரிட்டன், பிரான்ஸ், இஸ்ரேல் மூன்றும் ரகசியமாகக் கூடின. இஸ்ரேல் சினாய்க்குள் புகும். சண்டையை விலக்கிவிடும் பெரியவர்கள் போல மற்ற இருவரும் கால்வாய்க்குள் இறங்குவார்கள். இதை டைப் அடித்துக் கையெழுத்தும் போட்டார்கள். விஷயம் காகிதத்தில் ஏறிவிட்டது என்று தெரிந்ததும் பிரிட்டிஷ் பிரதமர் ஈடன் பதறிப்போய், பிரதிகளை அழிக்கச் சொல்லி ஆள் அனுப்பினார். இஸ்ரேல் பிரதமர் பென் குரியன் தன் பிரதியோடு ஊர் போய்ச் சேர்ந்துவிட்டார். டிசம்பரில் ஈடன் நாடாளுமன்றத்தில் எழுந்து, இஸ்ரேல் தாக்கப்போவது எங்களுக்கு முன்கூட்டித் தெரியாது என்றார். அந்தப் பொய்யோடு அவர் அரசியலும் முடிந்தது.

திட்டப்படியே எகிப்துக்குள் படையெடுத்தவர்களைத் திருப்பி அனுப்பியது எது? ராக்கெட் காட்டி மாஸ்கோ விடுத்த மிரட்டல் என்றுதான் அரபுத் தெருக்கள் நம்பின. லண்டனைப் பணிய வைத்தது பவுண்டின் சரிவு. கடன் கேட்டு வந்த பிரிட்டனுக்கு வழிவிட அமெரிக்க அதிபர் ஐசனோவர் மறுத்தார். அந்த ஒரு முறை வல்லரசு நியாயத்தின் பக்கம் நின்றது என்று மகிழலாம். மூன்று மாதம்கூட மகிழ விடவில்லை. 1957 ஜனவரியில், பிரிட்டன் காலி செய்த இடத்துக்குத் தானே வருவதாக ஐசனோவர் அறிவித்தார். கம்யூனிசத்துக்கு எதிராக உதவி கேட்கும் மேற்காசிய நாடு எதற்கும் அமெரிக்கப் படை வரும் என்றார். 1958 ஜூலையில் பாக்தாதில் மன்னராட்சி கவிழ்ந்தது. மறுநாளே பெய்ரூட் கடற்கரையில் அமெரிக்க மரீன்கள் துப்பாக்கியோடு இறங்கினார்கள். அங்கே வெயில் காய்ந்து படுத்திருந்தவர்கள் வேடிக்கை பார்த்தார்கள். குளிர்பானம் விற்கிற பையன்கள் இவர்களிடமும் வியாபாரம் பண்ண ஓடி வந்தார்கள்.

அந்த வேடிக்கை நீடிக்கவில்லை. 1983 டிசம்பர் 20 அன்று அமெரிக்க அதிபர் ரீகனின் தூதராக பாக்தாத் போன டொனால்ட் ரம்ஸ்ஃபெல்ட், ஈராக் அதிபர் சதாம் உசேனின் கையைக் குலுக்கினார். ஈரானியப் படைகள் மீது ஈராக் ரசாயன ஆயுதம் பாய்ச்சிக்கொண்டிருந்த காலம் அது. 1988 மார்ச்சில் ஹலப்ஜாவில் குர்து மக்கள் மீதே நச்சுப் புகை இறங்கியது. 2003இல், ரசாயன ஆயுதம் வைத்திருக்கிறான் என்று சொல்லி அதே சதாம் மீது படை அனுப்பியபோது, அமெரிக்கப் பாதுகாப்பு அமைச்சர் நாற்காலியில் இருந்தவர் அதே ரம்ஸ்ஃபெல்ட். அப்போது தேடிய ஆயுதம் கிடைக்கவே இல்லை. ஈராக்கியருக்கு மிஞ்சியது சிதைந்த அரசும் பிற்பாடு முளைத்த ஐ.எஸ். கும்பலும்.

மாஸ்கோவின் காவலும் இதைவிட உசத்தி இல்லை. ஆயிரக்கணக்கில் வந்து தங்கியிருந்த சோவியத் ஆலோசகர்களை 1972 ஜூலையில் எகிப்து அதிபர் சதாத் மூட்டை கட்டச் சொன்னார். ஆயுதம் கேட்டால் காலம் கடத்துகிறார்கள் என்பது அவர் குறை. சிரியாவில் அதிபர் அசாத்தைத் தாங்கிப் பிடிக்க 2015இல் ரஷ்ய விமானங்கள் வந்தன. 2024 டிசம்பர் 8 அன்று அவர் ஆட்சி கவிழ்ந்தபோது தாங்கவில்லை. அசாத்துக்கு மாஸ்கோவில் புகலிடம் கிடைத்தது. சிரியர்களுக்கு மிஞ்சியது இடிபாடு.

வல்லரசு காவல் தருவது அரண்மனைக்கு, ஊருக்குத் தந்ததில்லை. இப்போது அரண்மனைக்கும் நிச்சயமில்லை என்றாகிவிட்டது. 2019 செப்டம்பரில் சவூதியின் அப்கைக் எண்ணெய் ஆலை தாக்கப்பட்டது; நாட்டின் உற்பத்தியில் பாதி ஒரே நாளில் நின்றது. ஈரானைக் குற்றம் சாட்டிய வாஷிங்டன் படை கொண்டு பதிலடி எதுவும் தரவில்லை. இன்னொரு போர் மூளாமல் போனது நல்லதுதான். ஆனால் ரியாத் அன்றைக்கே கணக்குப் போடத் தொடங்கிவிட்டது. 2023 மார்ச்சில் சவூதியும் ஈரானும் பெய்ஜிங்கில் உட்கார்ந்து கை குலுக்கியது அந்தக் கணக்கின் ஒரு வரி. பாகிஸ்தான் ஒப்பந்தம் இன்னொரு வரி.

ஆபத்து இங்கேதான் இருக்கிறது. பனிப்போர்க் காலத்தில் காவல்காரர்கள் இருவர். ஒருவரையொருவர் கண்டு பயந்தவர்கள். 1967 ஜூனில் அரபு-இஸ்ரேல் போர் தொடங்கிய காலையில் சோவியத் பிரதமர் கோசிகின் வாஷிங்டனுக்கு ஹாட்லைனில் செய்தி அனுப்பினார். மோதிக்கொள்ளாமல் இருக்க இருவருக்கும் ஒரு கம்பி இருந்தது. அப்படியிருந்தும் 1973 அக்டோபர் அரபு-இஸ்ரேல் போரில் அமெரிக்க அணுப்படைகளை உஷார்ப்படுத்தும் அளவுக்குப் போனது. இன்று அரபு நிலத்தில் அமெரிக்கா, ரஷ்யா, சீனா, துருக்கி, ஈரான், இஸ்ரேல், இப்போது பாகிஸ்தான் என்று எத்தனை கை! ஜிபூட்டி என்ற சின்னஞ்சிறு அரபு லீக் நாட்டில் மட்டும் அமெரிக்கா, பிரான்ஸ், ஜப்பான், சீனா நான்குக்கும் ராணுவத் தளம். இவர்களை இணைக்கும் கம்பி எது? நமக்குத் தெரிந்து எதுவும் இல்லை. யாருக்காக யார் எந்த அளவுக்குப் போவார் என்பது எழுதியவருக்கே தெளிவில்லாத ஒப்பந்தங்கள், ஒரு ட்ரோன் தப்பான கூரையில் விழுந்தால் சோதிக்கப்படும்.

காவலர் பெருகினால் என்ன ஆகும் என்பதற்கு சூடானைப் பாருங்கள். 2023 ஏப்ரலில் இரண்டு தளபதிகளுக்குள் மூண்ட சண்டை, வெளியிலிருந்து வந்து சேரும் ஆயுதத்தால் அணையாமல் எரிந்தது. அமீரகம் எதிரிக்கு ஆயுதம் கொடுக்கிறது என்று சூடான் அரசு சர்வதேச நீதிமன்றம் வரை போனது, அமீரகம் மறுத்தது, எங்களுக்கு அதிகார வரம்பு இல்லை என்று நீதிமன்றம் வழக்கைத் தள்ளிவிட்டது. 2025 அக்டோபரில் எல் ஃபாஷர் நகரம் வீழ்ந்தபோது நடந்த கொலைகளின் ரத்தக்கறை செயற்கைக்கோள் படத்திலேயே தெரிந்ததாக ஆய்வாளர்கள் சொன்னார்கள். எந்தத் தலைநகரமும் பெரிதாகப் பதறவில்லை.

தில்லி இதைத் தள்ளி நின்று பார்த்துக்கொண்டிருக்கிறது. சூயஸ் காலத்தில் நேருவின் அரசு படையெடுப்பைக் கண்டித்தது, கால்வாய்க்கான சமரச யோசனையோடு கிருஷ்ண மேனனை லண்டனுக்கு அனுப்பியது, காஸாவில் ஐ.நா. அமைதிப் படைக்கு வீரர்களையும் தந்தது. (அதே சமயம் ஹங்கேரிக்குள் சோவியத் படை புகுந்ததைக் கண்டிக்க அதே நேரு தயங்கினார் என்பதையும் சொல்லிவிடுவோம்.) இன்று நம் அடுப்பில் எரியும் காஸில் பாதிக்கும் மேல் இறக்குமதி, அதில் பெரும்பங்கு வளைகுடாவிலிருந்து ஹோர்முஸ் நீரிணை வழியாக வருவது. இத்தனை இருந்தும், வளைகுடா நாடுகளும் ஈரானும் ஒரே மேசையில் உட்கார்ந்து தங்கள் கடலுக்குத் தாங்களே விதி எழுத வேண்டும் என்று உரக்கச் சொல்லத் தில்லிக்கு வாய் வரவில்லை. இரு பக்கத்தோடும் பேசக்கூடிய மிகச் சில நாடுகளில் நாமும் ஒன்று. ஆயுத வியாபாரியாகவோ எண்ணெய் வாடிக்கையாளராகவோ மட்டும் அங்கே நிற்பது நமக்குக் கட்டாது.

சொல்லாவிட்டால் விலை கொடுக்கப் போகிறவர்கள் யார் என்பது ராமநாதபுரத்துக்கும் திருச்சிக்கும் கடலூருக்கும் நன்றாகத் தெரியும். 1990 ஆகஸ்டில் குவைத்தை ஈராக் விழுங்கியபோது, வெளியுறவு அமைச்சர் குஜ்ரால் பாக்தாத் போனார். சதாமைக் கட்டித் தழுவிய அவருடைய படம் உலகமெங்கும் ஏளனத்துக்கு ஆளானது. ஏளனம் நியாயமும்கூட. ஆனால் வழி திறந்தது. குவைத்திலிருந்து பேருந்துகளில் ஏறி, பஸ்ராவும் பாக்தாதும் கடந்து, பாலைவனத்தில் ஜோர்டான் எல்லையில் நாள்கணக்கில் காத்துக் கிடந்து, அம்மானில் ஏர் இந்தியா விமானம் பிடித்தார்கள் நம் ஆட்கள். ஏறத்தாழ 1,70,000 பேர், 488 விமானப் பயணங்கள், இரண்டு மாதம்.

அன்று சிக்கியது ஒரு நாடு. இன்று ஆறு வளைகுடா நாடுகளில் இந்தியர்கள் ஏறத்தாழ 90 லட்சம் பேர். பத்தில் ஒருவரை அழைத்து வருவதென்றாலும் எத்தனை விமானம் வேண்டும், வான்வெளியை மூடிவிட்டால் எந்த எல்லை வழியாக, பாஸ்போர்ட் முதலாளியிடம் மாட்டிக்கொண்டிருப்பவர் எதைக் காட்டி எல்லையைத் தாண்டுவார்? வெளியுறவு அமைச்சகத்திடம் இதற்குத் திட்டம் இருந்தால் அடுத்த கூட்டத்தொடரில் நாடாளுமன்றத்தின் முன் வைக்கட்டும். இல்லையென்றால் அதையும் அங்கேயே சொல்லட்டும்.