பழி பாட்டியின் காதின் மேலா?

தமிழின் முதல் பேசும் படம் எனப்படும் ‘காளிதாஸ்’ 1931இல் வெளிவந்தது. திரைப்படம் பேசக் கற்று இத்தனை காலம் கடந்தும், வீட்டில் தொலைக்காட்சிப் பெட்டியின் முன் அமர்ந்து, “என்ன சொன்னான்? என்ன சொன்னான்?” என்று ஒருவரையொருவர் கேட்கும் நிலையில்தான் நாம் இருக்கிறோம். ஒலியைக் கூட்டினால் அடுத்த நொடியே வெடிச்சத்தம் கூரையைத் தூக்குகிறது. குறைத்தாலோ கதாநாயகியின் வாயசைவு மட்டுமே மிஞ்சுகிறது.

இதற்குப் பல வீடுகளில் பழி சுமப்பவர் பாட்டிதான். “உங்களுக்குக் காது மந்தம்” என்று சொல்லிவிடுகிறோம். 2020இல் கிறிஸ்டோபர் நோலனின் ‘டெனெட்’ வெளிவந்தபோது, நல்ல செவியுள்ள இளைஞர்களே, அதுவும் திரையரங்கில், வசனம் புரியவில்லை என்று குறைப்பட்டார்களே! அவர்களுக்கும் காது மந்தமா?

திரையரங்கில் திரைக்குப் பின்னால் இடம், நடு, வலம் என ஒலிபெருக்கிகள் உண்டு. வசனம் பெரும்பாலும் நடுவிலிருந்தே வரும். 5.1 எனும் முறையில் மொத்தம் ஆறு தனித் தடங்கள். வீட்டுப் பெட்டியிலோ பெரும்பாலும் இரண்டே சிறு ஒலிபெருக்கிகள். அவையும் அடியிலோ முதுகிலோ ஒளிந்துகொண்டு, நம்மைப் பாராமல் சுவரைப் பார்த்துப் பேசுகின்றன! ஆறும் இரண்டுக்குள் நெருக்கியடிக்கும்போது வசனம் இசைக்குள் அமிழ்ந்துபோகிறது. சொல்லைப் பிரித்துக் காட்டும் ச, த, ப போன்ற மெய்யொலிகள் இயல்பாகவே வலுக் குறைந்தவை. முரசின் தாழ்ந்த ஒலி அவற்றை எளிதில் மூடிவிடும். முதுமையில் முதலில் மங்குவதும் உயர்ந்த ஒலிகளைக் கேட்கும் ஆற்றலே. ஆகவே பாட்டிக்கு இரட்டை நட்டம்.

பெட்டியின் ஒலி அமைப்பை ‘ஸ்டீரியோ’வுக்கு மாற்றிப் பார்க்கலாம். ‘இரவு முறை’ போன்ற வசதி இருந்தால் அது பேரொலியைத் தணித்துச் சிற்றொலியை உயர்த்தும். வெறுந்தரையுள்ள கூடத்தில் எதிரொலி மிகுதி. ஜமுக்காளமும் தடித்த திரைச்சீலையும் அதைக் குறைக்கும். (புதுத் திரைச்சீலை கேட்க இதைவிட நல்ல சாக்கு வேறில்லை!) எழுத்தைப் போட்டுப் படித்தால் போதாதா என்பார்கள் சிலர். கண்ணாடியையே நாள் முழுதும் தேடுகிற பாட்டிக்கு அது எப்படி உதவும்?

நோலன் படப்பிடிப்பில் நடிகர் பேசிய பேச்சையே வைத்துக்கொள்ள விரும்புகிறவர். அது அவரது கலைக்கொள்கை. நம் படங்களிலோ வசனத்தை ஒலிக்கூடத்தில் தெளிவாக மீண்டும் பேசவைப்பதே நெடுங்கால வழக்கம். அப்படியும் வீட்டில் அது அமிழ்கிறதென்றால், குறை பேச்சில் இல்லை, கலவையில்தான் இருக்கிறது. வசனத்தை மட்டும் உயர்த்திக் கேட்கும் வசதியை 2023இல் அமேசான் பிரைம் வீடியோ சில படங்களுக்கு அளித்தது. ஆகவே முடியாத காரியமன்று. திரையரங்கிற்கு ஒன்று, வீட்டிற்கு ஒன்று என இரண்டு ஒலிக்கலவை ஒவ்வொரு தமிழ்ப் படத்திற்கும் வேண்டும் என்பதே பத்தாம் வகுப்பு மாணவியராகிய எங்கள் கட்சி. காசு மட்டும் இரண்டு இடத்திலும் வாங்குகிறார்களே!