கல்லைக் கண்டோம், கையைக் கண்டோமா?

ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பார்கள் பெரியோர். பாடநூலில் படித்ததைக் கண்ணாரக் கண்டு தெளிய வேண்டும் என்பதற்காகவே கல்விச் சுற்றுலா என்னும் நல்ல வழக்கம் பள்ளிகளில் ஏற்பட்டது. ஆனால் சுற்றுலா என்றதும் நம்மில் பலருக்கு நினைவுக்கு வருவது என்ன? புதிய உடை, பேருந்தில் சன்னலோர இருக்கை, வழி நெடுகப் பாட்டு, தோழியரோடு புகைப்படம், இவைதாமே! இவை வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. எங்கே போகிறோம், எதைப் பார்க்கிறோம், எதற்கு எவ்வளவு நேரம் ஒதுக்குகிறோம் என்பதையும் நாம் சற்றே எண்ணிப் பார்க்க வேண்டும் என்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

இவ்வாண்டு எங்கள் பதினோராம் வகுப்பு மாணவியர் மூன்று நாள் பயணமாகச் சோழநாடு சென்று வந்தோம். உடன் வந்த வழிகாட்டி விவரம் அறிந்தவர். முதல் நாள் தஞ்சைப் பெரிய கோயிலும் அரண்மனைக் கலைக்கூடமும்; இரண்டாம் நாள் கங்கைகொண்ட சோழபுரமும் தாராசுரமும்; மூன்றாம் நாள் காலையில் சுவாமிமலை, திருபுவனம், நாச்சியார்கோவில் என்று மூன்று ஊர்கள்; பிற்பகலில் ரயில். பயணத் திட்டத்தை மறுபடி எடுத்துப் பார்த்தால் கணக்கு தெளிவாகத் தெரியும். கற்களுக்கு இரண்டு முழு நாட்கள். அக்கலையை இன்றும் செய்துவரும் கைகளுக்கு அரை நாள். இந்தக் கணக்கைத் திருத்த வேண்டும் என்பது என் கருத்து.

கற்களைக் குறைத்துப் பேசுவது என் எண்ணமன்று. முதலாம் இராசராசன் கட்டிய தஞ்சைப் பெரிய கோயில் கி.பி. 1010-இல் நிறைவுற்றது. 1987-இல் யுனெஸ்கோ அதனை உலகப் பாரம்பரியச் சின்னமாக ஏற்றது. 2004-இல் கங்கைகொண்ட சோழபுரமும் தாராசுரமும் அதனுடன் சேர்ந்தன. அந்தக் கோயிற் சுவரில் உள்ள கல்வெட்டுகள் அரசன் பெருமையை மட்டும் கூறவில்லை. கோயிலில் பணிபுரிய வந்து குடியேறிய நானூறு ஆடல் மகளிரின் பெயர்களும் அவரவர் வீடும் அங்கே எழுதப்பட்டுள்ளன. கோயிலைக் கட்டிய தலைமைச் சிற்பி குஞ்சரமல்லனான இராசராசப் பெருந்தச்சனின் பெயரும் உண்டு. மாமன்னன் ஒருவன் தன் பெயர் இருக்கும் கல்லிலேயே வேலை செய்தவர்களுக்கும் இடம் கொடுத்தான்! ஆயிரம் ஆண்டுகளுக்குப் பின் அங்கே செல்லும் நாம், வேலை செய்கிறவர் பெயரைக் கேட்காமலே திரும்பி வருகிறோம்.

கங்கைகொண்ட சோழபுரத்தில் நாங்கள் கண்டது மற்றொரு பாடம். முதலாம் இராசேந்திரன் கங்கைவரை படை நடத்திய வெற்றியின் நினைவாக அமைத்த அந்நகரம் ஏறத்தாழ 250 ஆண்டுகள் சோழர் தலைநகராக விளங்கியது. இன்று கோயில் நிற்கிறது, நகரம் இல்லை. அரண்மனை இருந்த இடத்தை மாளிகைமேடு என்கிறார்கள். தமிழ்நாடு தொல்லியல் துறை தோண்டிக் கண்டவை செங்கல் சுவர்களின் அடிப்பகுதி, கூரை ஓடுகள், இரும்பு ஆணிகள், சீன நாட்டுப் பீங்கான் துண்டுகள் முதலியவை. மரத்தூண்கள் நின்றதற்குச் சாட்சியாக அடிக்கற்கள் மட்டும் கிடைத்தன. கோயிலுக்கும் இடர் வராமல் இல்லை. 1836-இல் கொள்ளிடத்தின் குறுக்கே கீழணை கட்டியபோது கோயிலின் வெளிமதிலிலிருந்து கற்களைப் பெயர்த்து எடுத்துச் சென்றார்கள். தாராசுரத்தில் இரண்டாம் இராசராசன் எழுப்பிய கோயிலின் வெளிக்கோபுரமும் மேல்நிலைகள் இன்றி மொட்டையாகவே நிற்கிறது.

ஆனால் ஒன்று சொல்ல வேண்டும். இனி ஒருவர் அக்கற்களைப் பெயர்த்துச் செல்ல இயலாது. வேலி உண்டு, காவலர் உண்டு, சட்டம் உண்டு, அறிவிப்புப் பலகை உண்டு. விழுந்த கல்லைத் தூக்கி நிறுத்தவும் ஆட்கள் உண்டு. கற்களை இழைத்த கைத்திறனுக்கு அப்படிப்பட்ட வேலி எதுவும் போட முடியாது. அது ஒருவரிடமிருந்து மற்றொருவருக்குச் சொல்லிக் கொடுத்தால்தான் வாழும். ஒரு தலைமுறை கற்றுக்கொள்ளாமல் விட்டால், பின்னர் தோண்டி எடுப்பதற்கு அங்கே செங்கல்கூட இராது. அதனால்தான் அந்த அரை நாளைப் பற்றி இவ்வளவு வற்புறுத்துகிறேன்.

சுவாமிமலையில் நாங்கள் கண்டதைச் சொன்னால் இது விளங்கும். அங்குள்ள ஸ்தபதிகள் முதலில் தேன்மெழுகும் குங்கிலியமும் கடலை எண்ணெயும் சேர்த்துக் காய்ச்சிய மெழுகில் சிலையின் உருவத்தைச் செய்கிறார்கள். அளவு பார்க்க அவர்களுக்கு ஸ்கேல் தேவையில்லை. சிலையின் உயரத்துக்கு நறுக்கிய தென்னங்கீற்றை மடித்து மடித்து முகத்துக்கு இவ்வளவு, மார்புக்கு இவ்வளவு என்று பங்கு பிரிக்கிறார்கள். மெழுகு உருவின் மேல் காவிரியின் வண்டல் மண்ணை மெல்லிய குழம்பாகப் பூசி நிழலில் உலர்த்துகிறார்கள். பிறகு தடித்த மண் பூச்சு. அதன்மேல் கம்பிக் கட்டு. அச்சைச் சூடாக்கினால் மெழுகு உருகி வெளியே ஓடிவிடும். அது இருந்த வெற்றிடத்தில் உருக்கிய உலோகத்தை ஊற்றுகிறார்கள். ஆறியபின் மண் அச்சை உடைத்தால் சிலை வெளிவருகிறது. அச்சு உடைந்துவிட்டபடியால் ஒரு சிலையைப் போல அப்படியே மற்றொன்று இராது. அதன்பின் உளியும் அரமும் கொண்டு நகைகள், விரல்கள், கண்கள் என்று செதுக்கும் வேலை நாட்கணக்கில் நடக்கிறது.

தஞ்சை அரண்மனைக் கலைக்கூடத்தில் திருவெண்காட்டிலிருந்து வந்த ரிஷபவாகன தேவர் சிலை இருக்கிறது. கி.பி. 1011-ஆம் ஆண்டைச் சேர்ந்தது. அருகில் இல்லாத காளையின் மேல் கையை ஊன்றி நிற்கும் கோலம்! காளை இல்லாமலே காளையைக் காட்டும் அந்தக் கையின் வளைவை முதல் நாள் கண்டு வியந்தோம். மூன்றாம் நாள் சுவாமிமலையில் ஒரு பெரியவர் மெழுகுக் கை ஒன்றை மணிக்கட்டில் மெல்ல வளைத்துக்கொண்டிருந்தார். அந்தச் சிலையும் இவ்வாறுதான் மெழுகில் பிறந்திருக்கும் என்பது அப்போதுதான் எனக்குப் புரிந்தது. “ஐயா, இதைக் கற்றுக்கொள்ள எத்தனை வருஷம் ஆகும்?” என்று என் தோழி கேட்டாள். அவர் கையிலிருந்ததைக் கீழே வைத்துவிட்டுப் பதில் சொல்லத் தொடங்கும் முன்பே, “நேரமாயிற்று, பஸ் ஏறுங்கள்” என்று குரல் வந்துவிட்டது. பட்டறையில் நாங்கள் இருந்தது இருபது நிமிடம். அந்த இருபது நிமிடமும் வழிகாட்டியே பேசிக்கொண்டிருந்தார்.

திருபுவனத்தில் பட்டுத்தறி பார்த்தோம். தறிக்காரர் குழியில் காலைத் தொங்கவிட்டு மிதித்துக்கொண்டு, நாடாவை வீசி ஊடை இழையைச் செலுத்துகிறார். மேலே ஜக்கார்டு அட்டைகள் ஒவ்வொன்றாகத் திரும்பக் கீழே பூவும் கொடியும் சேலையில் எழுகின்றன. எல்லாரும் அவரையே பார்த்தோம். அதே வீட்டின் ஓரத்தில் ஓர் அம்மாள் இராட்டையில் தார் சுற்றிக்கொண்டிருந்தார். அவர் சுற்றித் தராவிட்டால் தறி நின்றுவிடும். எங்கள் புகைப்படங்களில் அவர் இல்லை. பெண்கள் பள்ளியில் படிக்கும் நாமாவது அந்த அம்மாள் அருகே உட்கார்ந்து, ஒரு நாளைக்கு எத்தனை தார் சுற்றுகிறீர்கள், கூலி யார் கையில் வருகிறது என்று கேட்டிருக்க வேண்டாமா? இவற்றையெல்லாம் கேட்க நேரம் வேண்டும்.

நாச்சியார்கோவிலைப் பற்றி நமக்குத் தெரியாமலே நமக்கு ஓர் உறவு உண்டு. நம் பள்ளி விழாக்களில் மேலே சிலுவை பொருத்திய குத்துவிளக்கை ஏற்றித்தானே நிகழ்ச்சியைத் தொடங்குகிறோம்! குத்துவிளக்குக்குப் பேர்போன ஊர் அது. விளக்கின் அடிப்பாகம், தண்டு, எண்ணெய்த் தட்டு, உச்சியில் அன்னம் என்று ஒவ்வொன்றையும் தனித்தனியே பித்தளையில் வார்த்து, கடைசல் பிடித்து, மரையிட்டுப் பொருத்துகிறார்கள். சுவாமிமலைச் சிலை, திருபுவனம் பட்டு, நாச்சியார்கோவில் விளக்கு மூன்றும் புவிசார் குறியீடு பெற்றவை. பெயருக்குப் பாதுகாப்புக் கிடைத்துவிட்டது. தொழிலுக்குக் கிடைக்க வேண்டிய பாதுகாப்பு வாங்குகிறவர்களிடமிருந்தும் கற்றுக்கொள்ள வருகிறவர்களிடமிருந்துமே வரவேண்டும்.

இதற்குச் சில மறுப்புகள் எழும் என்பதை அறிவேன். “பரீட்சைக்கு உதவாத பட்டறையைப் பார்க்க எதற்குப் பணம்? பிள்ளைகள் மகிழ்ச்சியாக இருக்க ஒரு நாள் கேளிக்கைப் பூங்காவுக்குப் போய் வந்தால் போதாதா?” என்று பெற்றோர் சிலர் கேட்கிறார்கள். அங்கே போனாலும் மகிழ்ச்சிதான், மறுக்கவில்லை. ஆனால் அங்கே நம்மை அப்பா அம்மாவே அழைத்துப் போக முடியும். பட்டறைக்குள் நுழைந்து உலோகம் உருகுவதைப் பார்க்கவும், வேதியியலில் படித்த உலோகக் கலவையை மூசையில் காணவும், வரலாற்று ஆசிரியையிடம் அங்கேயே ஐயம் கேட்கவும் பள்ளிதான் அழைத்துச் செல்ல முடியும். பள்ளியால் மட்டுமே ஆகக்கூடியதைப் பள்ளி செய்வதே முறை.

மற்றொரு மறுப்பு இதைவிட வலியது. “அந்தக் கைவினைஞர்களே தம் பிள்ளைகளை எஞ்சினீயரிங் படிக்க அனுப்புகிறார்கள். நீங்கள் போய்ப் பார்ப்பதற்காக அவர்கள் பழைய தொழிலிலேயே கிடந்து உழல வேண்டுமா?” என்கிறார்கள். நியாயமான கேள்வி. எந்தப் பிள்ளையும் பிறந்த வீட்டின் தொழிலோடு கட்டிப்போடப்படக் கூடாது. அப்படிச் சொல்ல நமக்கு உரிமையும் இல்லை. ஆனால் விரும்பி அத்தொழிலுக்கு வருகிற ஒருவர், அவர் எந்த வீட்டில் பிறந்தவராயினும், பெண்ணேயாயினும், அதில் மதிப்போடு பிழைக்க முடிய வேண்டும் அல்லவா? நாம் படித்து நாளை வாங்குகிறவர்களாகவும், வடிவமைப்பாளர்களாகவும், அதிகாரிகளாகவும் ஆகப்போகிறவர்கள். ஒரு சிலைக்கு எத்தனை நாள் உழைப்பு என்பதை அறிந்தவள் கடையில் பாதி விலைக்குக் கேட்கமாட்டாள். அறியாதவள் கேட்பாள், கேட்டுவிட்டுச் சாமர்த்தியம் என்றும் நினைப்பாள். எங்கள் குழுவிலேயே இது நடந்தது.

மனிதரைக் காட்சிப்பொருளாக்கலாமா என்றும் கேட்கலாம். கூட்டமாகப் புகுந்து, கைப்பேசியை நீட்டிப் படம் எடுத்துவிட்டு, ஒரு சொல்கூடப் பேசாமல் வெளியேறினால் அது காட்சிப்பொருளாக்குவதுதான். பதினைந்து பேராகப் போய், வணக்கம் சொல்லி, தரையில் உட்கார்ந்து, அவர் பேசக் கேட்டால் அது பாடம் கேட்பது. வகுப்பில் ஆசிரியையிடம் எப்படி நடந்துகொள்கிறோமோ அப்படி அங்கும் நடந்துகொள்ள வேண்டும். நம்மால் அவர்கள் வேலை தடைப்படுகிறது. ஆகவே அந்நேரத்துக்கு உரிய கூலியைப் பயணச் செலவிலேயே சேர்த்துக் கொடுப்பதும் நம் கடமை.

ஆகவே அடுத்த ஆண்டுப் பயணத்துக்குத் தலைமையாசிரியை அருட்சகோதரி அவர்களிடமும் பெற்றோர் ஆசிரியர் கழகத்திடமும் பணிவுடன் சில யோசனைகளை முன்வைக்கிறேன். கும்பகோணத்தில் தங்கினால் இவ்வூர்கள் எல்லாம் எட்டும் தொலைவில்தான் இருக்கின்றன. மூன்று நாட்களிலும் காலையில் ஒரு பழஞ்சின்னம், பிற்பகலில் ஒரு பட்டறை என்று இணைத்துவிடலாம். தஞ்சைக் கலைக்கூடத்தின் செப்புத் திருமேனிகளைக் கண்ட அன்றே சுவாமிமலை. மாளிகைமேட்டில் மண்ணுக்குள் கிடக்கும் அரண்மனையைக் கண்ட அன்று நாச்சியார்கோவில். தாராசுரத்தின் நுண்ணிய சிற்பங்களைக் கண்ட அன்று திருபுவனம். மூன்று கிராமங்களை ஒரே காலையில் ஓடி ஓடிப் பார்ப்பதைவிட இது நன்று. கேள்விகளை முன்னதாகவே வகுப்பில் எழுதிக்கொண்டு போகலாம். பட்டறைக்குள் நுழைந்ததும் வழிகாட்டி பேச்சை நிறுத்தி, கைவினைஞரைப் பேசவிட வேண்டும். அவர்கள் பெயரை, அனுமதி பெற்று, நம் பயணக் குறிப்பேட்டில் எழுதிக்கொள்ள வேண்டும். இவற்றுக்கு ஆகும் கூடுதல் செலவு கூலி ஒன்றுதான். அதை ஒரு வேளைச் சிற்றுண்டியைக் குறைத்தும் ஈடுகட்டலாம்.

தோழியரே! சோழர் கோயில்கள் நாம் பாட்டிமார் ஆன பிறகும் அங்கேயே இருக்கும். நம் பேத்தியரை அழைத்துச் சென்று காட்டலாம். மெழுகை வளைக்கும் அந்தக் கையை அவர்களுக்குக் காட்ட முடியுமா என்பது இப்போது அத்தொழிலைக் கற்கிறவர்களையும் அதை மதித்து வாங்குகிறவர்களையும் பொறுத்தது. அடுத்த ஆண்டு செல்லவிருக்கும் தங்கையர் அரை நாளோடு மனநிறைவு கொள்ளாமல், இன்னும் நேரம் வேண்டும் என்று இப்போதே கேட்டு வாங்கட்டும்.